குரல் போன கதை

சினிமாவைப் பற்றி நிறையப் படித்திருக்கும் நண்பர் ஒருவரிடம் லார்ஸ் ஹான்ஸன் என்ற ஸ்வீடன் தேசத்து நடிகரைப் பற்றிப் பேச்செடுத்தேன். பெயரைக் கேட்டதும் அவர் யோசிக்கவே இல்லை. "தெரியுமே! ஊமைப் படத்து ஆள். டாக்கி வந்ததும் அடிபட்டுப் போனவர். பாவம், இங்கிலீஷ் வராது" என்றார். நாலே நாலு வாக்கியம். அதில் ஒரு 'பாவம்'. ஒரு மனிதனுடைய ஐம்பது வருஷ உழைப்பை இவ்வளவு சிக்கனமாக அடக்கம் செய்துவிடலாம் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

நண்பர் மேல் குற்றமில்லை. அவர் படித்த புத்தகங்களில் அப்படித்தான் போட்டிருக்கிறது. ஊமைப் படக் காலத்து நடிகர்களைப் பற்றி எழுதுகிறவர்கள் கையில் ஒரு ரப்பர் முத்திரை இருக்கிறது. படம் பேச ஆரம்பித்தது, அழகான முகத்திலிருந்து கீச்சுக் குரல் வந்தது, அல்லது வாயில் நுழையாத அந்நிய உச்சரிப்பு வந்தது, கொட்டகையில் சிரித்தார்கள், நடிகன் ஒழிந்தான். இந்தக் கதையை ஹாலிவுட்டே 1952-ல் 'ஸிங்கிங் இன் தி ரெயின்' என்று ஆட்டமும் பாட்டுமாகப் படம் பிடித்து, உலகம் முழுவதும் சிரிக்க வைத்துக் காசு பார்த்தது. அதற்குப் பிறகு கேட்பானேன்? சரித்திரம் எழுதுகிறவர்களே அந்தப் படத்தைச் சரித்திரம் என்று நம்பிவிட்டார்கள். எந்த நடிகனுடைய பெயர் 1929-க்குப் பிறகு அமெரிக்கப் படங்களின் ஜாபிதாவில் காணவில்லையோ, அவன் நெற்றியில் முத்திரையைக் குத்திவிடுகிறார்கள்.

ஹான்ஸன் விஷயத்தில் இது தப்பு. சிறு பிழை என்று விட்டுவிடக் கூடிய தப்பு அல்ல. தேதிகளைப் புரட்டிப் பார்த்தாலே தெரிகிற தப்பு. ஆனால் தேதியைப் பார்க்கிற சிரமத்தை யாரும் எடுத்துக் கொள்ளவில்லை.

முதலில் ஆளைப் பற்றிச் சொல்ல வேண்டும். 1886 ஜூலை 26-ல் ஸ்வீடனின் மேற்குக் கரையில் உள்ள யோத்தபோரி என்ற துறைமுகப் பட்டினத்தில் பிறந்தவர். அடிப்படையில் மேடை நடிகர். நாடகத்தில் பயின்று, நாடகத்தில் நின்று, அங்கிருந்து படத்துக்கு வந்தவர். அதாவது, வசனம் பேசிப் பழகிய பிறகுதான் ஊமையாக நடிக்க வந்தார். இந்த ஒரு விவரத்தை மனத்தில் வைத்துக் கொண்டாலே மேற்படி முத்திரையில் பாதி அழிந்துபோகும்.

1915-ல் மாரிட்ஸ் ஸ்டில்லர் என்ற டைரக்டர் அவரைப் படத்துக்கு அழைத்து வந்தார். அப்போது ஐரோப்பாவில் பெரிய யுத்தம் நடந்து கொண்டிருந்தது. யுத்தத்தில் சேராமல் ஒதுங்கி நின்ற ஸ்வீடனில் சினிமா நிம்மதியாக வளர்ந்தது. ஸ்டில்லர் ஒருவர், விக்டர் ஷோஸ்ட்ராம் ஒருவர் - இந்த இருவரும் சேர்ந்து ஏழெட்டு வருஷத்தில் அந்தச் சின்ன தேசத்தின் படங்களை உலகமே திரும்பிப் பார்க்கும்படி செய்துவிட்டார்கள். அவர்களுக்குப் பக்கபலமாக நின்றது ஒரு பெண்மணியின் பேனா: ஸெல்மா லாகர்லெவ். 1909-ல் இலக்கியத்துக்கான நோபல் பரிசைப் பெற்றவர். அதைப் பெற்ற முதல் பெண். அவருடைய கதைகளில் ஷோஸ்ட்ராம் முதன்முதலாக, 1917-ல், எடுத்த 'சதுப்பு நிலத்துக் குடிசைப் பெண்' படத்தில் கதாநாயகன் ஹான்ஸன்தான். கதாநாயகன் என்றதும் வீரதீரம் எதிர்பார்க்க வேண்டாம். நல்லவன், பண்ணை வீட்டுப் பிள்ளை, ஊர் என்ன சொல்லுமோ என்று கொஞ்சம் பயந்தவன். அப்படிப்பட்ட ஆளை வேடிக்கையாக்காமல் நடிப்பது சுலபமல்ல.

அதற்கு நேர் எதிரான வேஷம் 1919-ல் வந்தது. லின்னன்கோஸ்கி என்ற பின்லாந்துக்காரர் எழுதிய நாவலை ஸ்டில்லர் படமாக்கினார்: 'ரத்தச் சிவப்பு மலரின் பாட்டு'. ஹான்ஸனுக்கு ஓலஃப் என்ற பாத்திரம். பெண்கள் பின்னால் திரிகிறவன். அப்பனோடு முட்டிக் கொண்டு வீட்டை விட்டுக் கிளம்பி, ஆற்றில் கட்டை மிதக்க விடுகிற கூட்டத்தில் சேர்கிறவன். ஒருத்தியின் கர்வத்தை ஜெயிப்பதற்காக, சீறிப் பாய்கிற நீர்வீழ்ச்சியில் ஒற்றை மரக்கட்டை மேல் நின்றபடியே சவாரி செய்கிறான். அந்தக் காட்சியை இன்றும் பார்க்கலாம். கட்டை கால் அடியில் உருளுகிறது, நுரை முகத்தில் அடிக்கிறது, அவன் சிரிக்கிறான். அந்தச் சிரிப்பில் தைரியம் பாதி, அசட்டுத்தனம் பாதி. இவனைக் காதலிக்கிற பெண்ணுக்கு என்ன கஷ்டம் காத்திருக்கிறது என்பது நமக்கு அப்போதே தெரிந்துவிடுகிறது. இதை வசனத்தில் சொல்ல எத்தனை பக்கம் வேண்டும் என்று நாவல் எழுதுகிறவர்கள் கணக்குப் பார்த்துக் கொள்ளலாம். நான் பார்த்தேன்; எனக்கு வெட்கமாக இருந்தது.

மறு வருஷம் 'எரோட்டிகான்' என்ற உல்லாசப் படம். வண்டுகளை ஆராய்கிற பேராசிரியர், அவர் மனைவி, மனைவியை நேசிக்கிற சிற்பி. சிற்பி ஹான்ஸன். உடன் நடித்தவர்களில் ஒருவர் கரின் மொலாண்டர். இவரைத்தான் ஹான்ஸன் பின்னால் மணந்து கொண்டார். படத்தைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. நாகரிகமான தமாஷ்.

1924-ல் வந்ததுதான் 'யெஸ்டா பெர்லிங்'. தமிழ் வாசகர்களுக்கு இந்தக் கதை புதிதல்ல. க. நா. சுப்ரமண்யம் 'மதகுரு' என்ற பெயரில் இதை நமக்குத் தந்திருக்கிறார். குடித்துக் குடித்துப் பதவி இழந்த அந்த இளம் பாதிரியை மதகுருவில் படித்தவர்கள் மறந்திருக்க முடியாது. ஸ்டில்லர் அதை இரண்டு பாகமாக எடுத்தார், ஹான்ஸன்தான் யெஸ்டா. ஆனால் இன்று இந்தப் படத்தை எதற்காகப் பார்க்கிறார்கள்? அதில் ஒரு துணைப் பாத்திரமாக, பனி உறைந்த ஏரியில் ஓநாய்கள் துரத்த ஸ்லெட்ஜ் வண்டியில் யெஸ்டாவின் பக்கத்தில் உட்கார்ந்து வருகிற, பத்தொன்பது வயதுகூட நிரம்பாத ஒரு பெண்ணுக்காக. அவள் பெயர் கிரேட்டா கார்போ. பிற்காலத்தில் படத்தை வெட்டிச் சுருக்கி ஒரே பாகமாக ஓட்டினார்கள். கார்போவின் முதல் பெரிய படம் என்று விளம்பரம். கதாநாயகன், கார்போவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் யாரோ ஒரு ஆள் ஆகிவிட்டான். கார்போ மேல் எனக்குக் குறை கிடையாது. அவரைப் போல ஒரு முகம் சினிமாவுக்குக் கிடைத்தது அதிர்ஷ்டம். ஆனால் ஒரு நாவலின் தலைப்பாகவே இருக்கிற ஆளை, அவன் பேரிலேயே எடுத்த படத்தில், ஓரத்துக்குத் தள்ளுவதற்கு ஒரு சாமர்த்தியம் வேண்டும். அது சினிமா சரித்திரக்காரர்களிடம் தாராளமாக இருக்கிறது.

அந்தப் படத்தின் பிரசங்கக் காட்சியைக் கவனியுங்கள். பாதிரி மேடை ஏறிப் பேசுகிறார். கேட்க ஒரு சத்தமும் இல்லை; நடுவே இரண்டு எழுத்து அட்டைகள் வருகின்றன; அவ்வளவுதான். ஆனால் சபை உருகுவதை நாம் நம்புகிறோம். ஏன் நம்புகிறோம்? அந்த மனிதன் உண்மையிலேயே பேசிக் கொண்டிருக்கிறான். வாயை மட்டும் அசைக்கிற நடிகனை இரண்டு நிமிஷத்தில் கண்டுபிடித்துவிடலாம். வாக்கியத்தின் ஏற்ற இறக்கத்துக்குத் தக்கபடி மூச்சு வாங்க, தோள் விரிய, கண் கலங்க, ஒரு குரல் வேலை செய்வது இங்கே தெரிகிறது. பேச்சையே பிழைப்பாகக் கொண்ட பாத்திரங்கள் இவருக்கு மறுபடி மறுபடி வந்து சேர்ந்தது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை. அமெரிக்காவில் அவருக்குக் கிடைத்த முதல் பெரிய வேஷமும் ஒரு பாதிரிதான்.

அது 'தி ஸ்கார்லெட் லெட்டர்', 1926. ஹாதார்னின் நாவல். லிலியன் கிஷ் கதாநாயகி. அமெரிக்காவின் பழைய கிறிஸ்தவக் கட்டுப்பெட்டிகளின் மனத்தை இன்றைய அமெரிக்கர்களைவிட ஸ்வீடன்காரர்கள் நன்றாகப் புரிந்து கொள்வார்கள் என்பது கிஷ்ஷின் எண்ணம். யெஸ்டா பெர்லிங்கைப் பார்த்துவிட்டு ஹான்ஸன்தான் தம் பாதிரி என்று தீர்மானித்ததாகத் தம் நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார். டைரக்ஷன் ஷோஸ்ட்ராம், அவர் 1923-லேயே ஹாலிவுட் போய்விட்டிருந்தார். படப்பிடிப்பில் கிஷ் தம் வசனத்தை இங்கிலீஷில் பேசினார். ஹான்ஸன் ஸ்வீடிஷ் மொழியில் பதில் சொன்னார். இரண்டு பேரும் ஒருவர் மொழியை மற்றவர் அறியாமலே, திரையில் பாவத்தையும் பயத்தையும் பங்கு போட்டுக் கொள்கிறார்கள். கடைசிக் காட்சியில் பாதிரி ஊர் நடுவே மேடை ஏறி, சட்டையைத் திறந்து, மார்பில் தானே சூட்டுக்கோலால் இழுத்துக் கொண்ட எழுத்தைக் காட்டுகிறான். அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு 'இங்கிலீஷ் வராது' என்று சொல்ல வாய் வருகிறதா? வராதுதான். அதனால் என்ன குறைந்தது?

அடுத்தது 'ஃப்ளெஷ் அண்ட் தி டெவில்'. சுடர்மன் என்ற ஜெர்மன் எழுத்தாளரின் நாவல். பால்ய சிநேகிதர்கள் இருவர். இடையில் ஒரு பெண். சிநேகிதர்கள் ஜான் கில்பர்ட்டும் ஹான்ஸனும், பெண் கார்போ. கில்பர்ட்டுக்கும் கார்போவுக்கும் நிஜமாகவே காதல் என்று பத்திரிகைகள் மூச்சு விடாமல் எழுதின. சுவரொட்டியில் அந்த இரண்டு முகங்கள்தான். ஏமாற்றப்படுகிற கணவன் வேஷம் ஹான்ஸனுக்கு. கதைகளில் மிகவும் ஆபத்தான வேஷம் இது என்பது எழுதுகிறவர்களுக்குத் தெரியும். கொஞ்சம் பிசகினால் முட்டாளாகிவிடுவான். இன்னும் கொஞ்சம் பிசகினால் வில்லனாகிவிடுவான். ஹான்ஸன் அவனை இரண்டும் ஆகாமல் காப்பாற்றியிருக்கிறார். அந்தப் படத்தில் நிஜமான காதல் எது என்று என்னைக் கேட்டால், சிநேகிதன் சிநேகிதன் மேல் வைத்திருக்கிற நம்பிக்கையைத்தான் சொல்வேன். கில்பர்ட்-கார்போ முத்தங்கள் பழசாகிவிட்டன. இது ஆகவில்லை.

இனி 'தி விண்ட்'. இதைப் பற்றிப் பேசாமல் இந்தக் கட்டுரை எழுதவே வேண்டியதில்லை.

1927-ல் கலிபோர்னியாவின் மொஹாவி பாலைவனத்தில் எடுத்த படம். காற்றை உண்டாக்க ஆகாய விமானங்களின் விசிறிகளைக் கொண்டுவந்து ஓடவிட்டு மணலை அடித்தார்கள். வெயில் தாங்க முடியாத வெயில். மறுபடியும் ஷோஸ்ட்ராம், கிஷ், ஹான்ஸன் என்ற அதே மூவர். நாதியற்று வந்த ஒரு பெண், ஓயாமல் காற்றடிக்கிற புழுதிக் காட்டில், போக்கிடம் இல்லாததால் ஒரு மாட்டுக்காரனைக் கல்யாணம் செய்து கொள்கிறாள். ஹான்ஸன் அந்த மாட்டுக்காரன். முரட்டு ஆள், கோமாளி என்றுகூடச் சொல்லலாம். கல்யாண ராத்திரி காப்பி கொண்டு வந்து கொடுக்கிறான். அவளுக்கு அது குடிக்கிற பதத்தில் இல்லை. அவன் பார்க்காதபோது கொட்டிவிடுகிறாள். ஆசையில் அவளைப் பிடித்து முத்தமிடுகிறான். அவள் அருவருத்து வாயைத் துடைத்துக் கொள்கிறாள். துடைத்துக் கொள்வதை அவன் பார்க்கிறான்.

அந்த ஒரு கணத்தில் ஹான்ஸன் முகத்தில் நடப்பதை நான் மூன்று தரம் திருப்பிப் போட்டுப் பார்த்தேன். கோபம் வரும் என்று எதிர்பார்க்கிறோம். வருகிறது, ஆனால் கோபம் வந்து சேர்வதற்கு முன்பே அவமானம் வந்துவிடுகிறது. அதற்குள்ளேயே, தன்னை இவள் விரும்பித்தான் மணந்தாள் என்று இத்தனை நேரம் நம்பிக் கொண்டிருந்த தன் மடத்தனத்தை நினைத்து ஒரு குழந்தைத்தனமான திகைப்பு. பிறகு அவன் இனி உன்னைத் தொடமாட்டேன், பணம் சேர்த்து உன்னை உன் ஊருக்கே அனுப்பிவிடுகிறேன் என்கிறான். கோமாளி போய்விட்டான், அங்கே ஒரு புருஷன் நிற்கிறான். கால்கள் மட்டும் அங்கும் இங்கும் நடப்பதைக் காமிரா காட்டுகிறதே, அந்தக் கனத்த பூட்ஸுகளுக்குக்கூட மனசு இருப்பது போல் இருக்கிறது. இதை 'ஊமை நடிப்பு, அங்க சேஷ்டை' என்கிறவர்களோடு எனக்குப் பேச்சில்லை.

இந்தப் படத்தின் முடிவைப் பற்றி ஒரு வழக்கு உண்டு. நாவலில் அந்தப் பெண் புயலுக்குள் போய் மறைகிறாள். படத்தில் கணவன் திரும்பி வந்து சேர்கிறான், எல்லாம் சுபம். கம்பெனியார் கட்டாயத்தால் மாற்றியது என்று கிஷ் சொல்லி வந்தார். இல்லை என்று மறுக்கிறவர்களும் உண்டு. எனக்கு அந்த வழக்கில் அக்கறையில்லை. படம் வெளிவந்தது 1928 நவம்பரில். ஊரெல்லாம் பேசும் பட மோகம் பிடித்து ஆட்டிய சமயம். போணியாகவில்லை.

இங்கேதான் முத்திரைக்காரர்கள் வந்து சேர்கிறார்கள். 'பார்த்தீர்களா! 1928 கடைசியில் கடைசிப் படம். 1929-ல் ஆள் இல்லை. டாக்கி அடித்துவிட்டது.'

தேதிகளைப் பார்ப்போம். 'தி விண்ட்' வெளிவந்தபோது ஹான்ஸன் அமெரிக்காவில் இல்லவே இல்லை. அது எடுத்து முடித்துக் கிடப்பில் கிடந்த படம். 1928 ஆகஸ்டிலேயே பெர்லினில் அவர் நடித்த ஜெர்மன் படம் திரைக்கு வந்துவிட்டது: 'ஹைம்கேர்', அதாவது 'வீடு திரும்புதல்'. யுத்தத்தில் சிறைபட்டு, மனைவியை நினைத்தே உயிர் வைத்திருக்கும் ஒரு கைதியின் கதை. ஆகஸ்டில் வந்த படம் என்றால் அதற்குப் பல மாதங்கள் முன்பே அவர் ஜெர்மனிக்கு வந்திருக்க வேண்டும். ஹாலிவுட்டில் அவரை வைத்துப் படம் எடுத்த மெட்ரோ-கோல்ட்வின்-மேயர் கம்பெனி முழு நீளப் பேசும் படத்தை எப்போது வெளியிட்டது? 1929 பிப்ரவரியில், 'தி பிராட்வே மெலடி'. அதாவது, அந்தக் கம்பெனி பேசக் கற்றுக் கொள்வதற்கு முன்பே இவர் கிளம்பிப் போய்விட்டார். பரீட்சை வைப்பதற்கு முன்னால் பள்ளிக்கூடத்தை விட்டுப் போன பையனைப் பரீட்சையில் தோற்றவன் என்று எழுதுவது எந்த ஊர் நியாயம்?

இன்னொன்றும் கேட்கிறேன். ஸ்டில்லர் 1927-ல் ஹாலிவுட்டை விட்டு ஸ்டாக்ஹோம் திரும்பினார். மறு வருஷம் நவம்பரில் 45 வயதில் இறந்தும் போனார். ஷோஸ்ட்ராம் 1930-ல் திரும்பினார். இருவரும் அங்கே டைரக்டர்கள். டைரக்டருக்கு எந்தக் குரல் சோதனை? எந்த உச்சரிப்பு அவர்களை விரட்டியது? மூவரும் திரும்பினார்கள், இருவர் விஷயத்தில் குரலைக் காரணம் சொல்ல முடியாது. மூன்றாமவர் நடிகர் என்பதற்காக அவருக்கு மட்டும் குரலைக் காரணமாக ஒட்டிவைப்பது சோம்பேறித்தனம்.

எதிர்க்கட்சிக்கு ஒரே ஒரு சாட்சி இருக்கிறது. அதை மறைக்க நான் தயாரில்லை. 1929-ல் ஹான்ஸன் இங்கிலாந்தில் 'தி இன்ஃபார்மர்' என்ற படத்தில் நடித்தார். ஓஃப்ளாஹர்ட்டியின் நாவல், சிநேகிதனைப் போலீஸில் காட்டிக் கொடுத்துவிட்டுச் சித்திரவதைப்படும் ஐரிஷ்காரன் வேஷம். படம் பாதி எடுத்துக் கொண்டிருக்கும்போதே பேசும் பட ஜுரம் அங்கும் வந்துவிட்டது. ஊமையாக ஒரு பிரதி, அரைகுறையாகப் பேசுகிற ஒரு பிரதி என்று இரண்டு தயார் செய்தார்கள். பேசுகிற பிரதியில் ஹான்ஸன் வாய்க்கும், அவரோடு நடித்த ஹங்கேரிக்காரி லியா டி புட்டி வாய்க்கும் வேறு யாரோ இங்கிலீஷ்காரர்கள் குரல் கொடுத்தார்கள். டப்ளின் சந்துகளில் திரிகிற தடியன், சீமைத் துரை மாதிரிப் பேசுகிறான். சகிக்கவில்லை. ஊமைப் பிரதியை மட்டும் பாருங்கள். துரோகம் செய்தவனுடைய நடை எப்படி மாறுகிறது என்பது அதில் இருக்கிறது. இந்தச் சாட்சியால் நிரூபணமாவது என்ன? ஹான்ஸனுக்குக் குரல் இல்லை என்பதா? அவர் குரலை யாரும் கேட்க விடவில்லை என்பதா?

கார்போவும் ஸ்வீடன்காரிதான், அவருக்கும் உச்சரிப்பு இருந்தது. 1930-ல் 'அன்னா கிறிஸ்டி'யில் அவரைப் பேச வைத்தபோது, ஸ்வீடன் வம்சத்துப் பெண் வேஷமாகப் பார்த்துத் தேர்ந்தெடுத்துக் கொடுத்தார்கள். சட்டையை ஆளுக்கு அளவெடுத்துத் தைத்தார்கள், பொருந்திற்று. குரலால் கெட்டவர் என்று எல்லோரும் காட்டுகிற கில்பர்ட்டைத்தான் எடுத்துக் கொள்ளுங்கள். 1933-ல் 'க்வீன் கிறிஸ்டினா'வில் அவர் பேசுவதை யாரும் கேட்டுப் பார்க்கலாம். எனக்கு அதில் ஒரு குறையும் தெரியவில்லை. குரல் குரல் என்று சொல்கிற பாதி இடங்களில் முதலாளிகளின் கணக்குப் புத்தகம்தான் பேசியிருக்கிறது என்பது என் அபிப்பிராயம்.

ஊருக்குத் திரும்பிய ஹான்ஸன் என்ன ஆனார்? பேசினார்! 1935-ல் ஸ்வீடிஷ் டாக்கி ஒன்றில் இங்க்ரிட் பெர்க்மனோடு நடித்தார். அவள் தகப்பனாராக வருகிறவர் யார் தெரியுமா? ஷோஸ்ட்ராம். இருபது வயது புதுப் பெண்ணுக்கு இரண்டு பக்கமும் இரண்டு 'ஊமைகள்' நின்று பேசுகிறார்கள். மறு வருஷம் மறுபடியும் பெர்க்மனோடு ஒரு படம். 1944-ல், யுத்தம் முடியாத சமயத்தில், நாஜிகள் கையில் சிக்கிய ஒரு கவிஞராக 'எக்ஸலென்ஸன்' படத்தில் வந்தார். ஆனால் படம் அவருக்கு இப்போது பக்க வேலை. ஸ்டாக்ஹோமில் 'டிராமாட்டன்' என்று சுருக்கமாகச் சொல்கிற ராஜாங்க நாடக அரங்குதான் அவர் வீடு. ஸ்டிரிண்ட்பெர்க்கின் 'டமாஸ்கஸை நோக்கி' நாடகத்தை 1937-ல் ஓலஃப் மொலாண்டர் மேடையேற்றியபோது, பெயரில்லாத அந்த அந்நியன் வேஷத்தை ஏற்றவர் ஹான்ஸன். மேடையை விட்டு இறங்க விடாத வேஷம் அது. குரல் இல்லாதவனிடம் யாரும் கொடுக்க மாட்டார்கள்.

இத்தனையும் நடந்து கொண்டிருந்த காலத்தில்தான் அமெரிக்கப் புத்தகங்கள் அவரைக் காணாமல் போனவர் பட்டியலில் சேர்த்தன. நம் தெருவைத் தாண்டி அடுத்த தெருவுக்குக் குடிபோனவரை 'காலமாகிவிட்டார்' என்று சொல்லிவிடுவது போன்ற காரியம்.

யூஜீன் ஓநீல் அமெரிக்க நாடகாசிரியர். 1936-ல் நோபல் பரிசு பெற்றவர். ஸ்டிரிண்ட்பெர்க்கைத் தம் குருவாக வெளிப்படையாகச் சொன்னவர். தம் சொந்தக் குடும்பத்தின் ரணத்தைத் திறந்து காட்டி 1941-ல் ஒரு நாடகம் எழுதி முடித்தார்: 'லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்'. தாம் இறந்து 25 வருஷம் கழிந்த பிறகே அச்சாக வேண்டும் என்று அரக்கு வைத்து ஒப்படைத்துவிட்டார். 1953-ல் இறந்தார். அவர் மனைவி கார்லொட்டா அந்த நாடகத்தை டிராமாட்டனுக்குக் கொடுத்தார். அமெரிக்காவில் அமெரிக்கன் எழுதியது, அமெரிக்க மேடை எதுவும் காண்பதற்கு முன், 1956 பிப்ரவரி 10-ம் தேதி ஸ்டாக்ஹோமில் ஸ்வீடிஷ் மொழியில் அரங்கேறிற்று. தாயாக இன்கா டீட்ப்ளாட். தகப்பன் ஜேம்ஸ் டைரோனாக, 69 வயது லார்ஸ் ஹான்ஸன்.

டைரோன் யார்? ஒரு நடிகன். ஓநீலின் சொந்தத் தகப்பனாரை வைத்து வார்த்தது. இளமையில் ஷேக்ஸ்பியர் வேஷங்களில் பேரெடுத்து, பெரிய நடிகர்களே மெச்சும்படி வளர்ந்தவன். பணம் கொட்டுகிற ஒரு மட்டமான நாடகம் கையில் அகப்பட்டது, விலைக்கே வாங்கிவிட்டான், வருஷத்துக்கு வருஷம் அதே வேஷம். ஒரு நாள் வேறு வேஷம் போட ஆசைப்பட்டுப் பார்த்தால், ஜனங்களுக்கும் அவன் வேறு வேஷத்தில் வேண்டாம், அவனுக்கும் வரவில்லை. கடைசி அங்கத்தில், நடுராத்திரி, விஸ்கி பாட்டிலை நடுவில் வைத்துக் கொண்டு, க்ஷயரோகம் பிடித்த மகனிடம் இதைச் சொல்லி அழுகிறான். இத்தனை பணத்தைக் கொண்டு நான் எதை வாங்க ஆசைப்பட்டேன் என்று அவனுக்கே நினைவில்லை.

அந்த இடத்தை நான் பார்க்கவில்லை. பார்க்கக் கொடுத்து வைக்கவில்லை. நாலு மணி நேரத்துக்கு மேல் ஓடுகிற நாடகம், அத்தனையும் பேச்சு. கட்டை சவாரி கிடையாது, ஓநாய் கிடையாது, விமான விசிறி கிடையாது. ஒரு அறை, நாலு நாற்காலி, ஒரு குடும்பம். பேசியே ஆக வேண்டும். கலையை விற்றுவிட்ட நடிகனாக அன்று மேடையில் நின்று பேசியவர், ஹாலிவுட்டில் மூன்று வருஷம் நின்று பார்த்துவிட்டு ஊர் திரும்பியவர். அந்த வசனத்தைச் சொல்லும்போது அவர் மனத்தில் என்ன ஓடியது என்று ஊகிக்க எனக்கு உரிமையில்லை. நாவல் எழுதுகிறவன் கை துறுதுறுக்கிறது, அடக்கிக் கொள்கிறேன். நியூயார்க் ரசிகர்கள் அந்த நாடகத்தைத் தங்கள் சொந்த மொழியில் கேட்க அந்த வருஷம் நவம்பர் வரையில் காத்திருக்க வேண்டியிருந்தது. மறு வருஷம் ஓநீலின் இன்னொரு நாடகம், 'எ டச் ஆஃப் தி பொயட்', அதுவும் முதலில் டிராமாட்டனில்தான் ஏறியது. அதிலும் பிரதான வேஷம் ஹான்ஸன். 1965 ஏப்ரலில் இறந்தார்.

இதையெல்லாம் நண்பரிடம் ஒரு சாயங்காலம் உட்கார்ந்து சொன்னேன். பொறுமையாகக் கேட்டார். 'தி விண்ட்' காப்பிக் காட்சி வந்தபோது காப்பியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார். ஓநீல் நாடகம் வரைக்கும் வந்து நிறுத்தினேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தவர், "எல்லாம் சரி, அந்த நாடகம் இங்கிலீஷில்தானே எழுதினது?" என்றார்.

"ஆமாம்."

"அதைத்தான் நானும் சொன்னேன். இவருக்கு இங்கிலீஷ் வராது" என்றார்.